கன்னியாகுமரி மாவட்டத்து வீட்டுத் தோட்டத்தில் ஹெதர்: தொட்டியிலும் பாத்தியிலும் வளர்க்க முழு வழிகாட்டி

மலைச்சரிவு முழுக்க ஊதாவாகப் பூத்துக் கிடக்கும் படத்தைப் பார்த்து, ஆன்லைனில் ஹெதர் விதை என்று ஒரு பாக்கெட் வாங்கி, நாகர்கோவிலிலோ தக்கலையிலோ மொட்டைமாடியில் தூவிவிட்டு முளைக்கும் முளைக்கும் என்று காத்திருக்கிறவர்கள் உண்டு. அந்தத் தொட்டியில் பேசாமல் கீரை போட்டுவிடுங்கள். அசல் ஹெதர், அதாவது கல்லுனா வல்காரிஸ், ஸ்காட்லாந்து, ஸ்காண்டிநேவியா பக்கத்துக் குளிர்நாட்டுப் புதர். பி.எச். 4.5 முதல் 5.5 வரை உள்ள புளிப்பு மண், நிஜமான குளிர்காலம், வேரோடு ஒட்டி வாழும் ஒரு பூஞ்சையின் துணை, எல்லாம் அதற்கு வேண்டும். நம் சமவெளியில் இரவில்கூட 22, 23 டிகிரிக்குக் கீழே பெரிதாக இறங்காது, அந்தப் புழுக்கத்தில் அது நிற்காது. அந்தக் குடும்பத்துச் செடி நம் மாநிலத்தில் இயற்கையாகப் பூப்பதைப் பார்க்க ஆசை என்றால் நீலகிரிக்குப் போய்ச் சோலை ஓரத்தில் சிவப்பாக நிற்கும் காட்டுப் பூவரசைப் பார்க்கலாம், அதுவும் மேலே குளிரில்தான்.

சரி, அப்படியானால் இங்கே என்ன வளர்ப்பது? மெக்சிகன் ஹெதர். தாவரவியல் பெயர் கூஃபியா ஹிஸ்ஸோபிஃபோலியா. மெக்சிகோ, குவாத்தமாலா, ஹோண்டுராஸ் நாடுகளிலிருந்து வந்தது, அசல் ஹெதருக்கும் இதற்கும் ரத்த சம்பந்தம் எதுவும் கிடையாது, பொடி இலையும் பொடிப் பூவுமாக அடர்ந்து நிற்கும் தோற்றம் மட்டும்தான் ஒற்றுமை. இது மருதாணி, மாதுளை, பூமருது இவற்றின் குடும்பம், ஆகவே வெயிலைப் பற்றிக் கவலையே வேண்டாம். இந்தச் செடி நம் ஊரில் செத்துப்போகிறது என்றால் பெரும்பாலும் காரணம் இரண்டுதான்: மழைக்காலத்தில் வேரில் தேங்கும் தண்ணீர், அல்லது கத்தரி எடுத்துக் கிளையை வெட்டாத சோம்பல். கீழே சொல்லப்போகிற எல்லாமே கடைசியில் இந்த இரண்டில் வந்துதான் நிற்கும்.

வாங்கும்போது

நர்சரியில் 'பார்டர் செடி' என்று பொத்தாம்பொதுவாகக் கேட்டால் மஞ்சள் டுராண்டாவை எடுத்துத் தந்துவிடுவார்கள். கூஃபியா என்றோ மெக்சிகன் ஹெதர் என்றோ கேளுங்கள், அப்புறம் நீங்களே அடையாளம் பாருங்கள். இலை ஒன்று, ஒன்றரை சென்டிமீட்டர் நீளம், கொஞ்சம் மினுமினுப்பு, தண்டின் இரு பக்கமும் எதிரெதிராக நெருக்கமாக அடுக்கியிருக்கும். பூ இலைக்கக்கத்தில் வரும், ஆறு இதழ், சுண்டுவிரல் நகத்தைவிடச் சிறியது, வாசனை என்று சொல்ல எதுவும் இல்லை. ஊதா, இளஞ்சிவப்பு, வெள்ளை என மூன்று நிறம் பரவலாக உண்டு, இலை மஞ்சளாக இருக்கும் ஒரு வகையும் கிடைக்கிறது.

பூ நிறைய இருக்கிற செடியைப் பார்த்ததும் கை நீளும். பூவைப் பார்த்து வாங்காதீர்கள், அடியைப் பாருங்கள். கவரின் கீழ்ப்பக்க ஓட்டையில் வெள்ளை வேர் லேசாக எட்டிப் பார்த்தால் நல்லது, பழுப்பாகச் சுருண்டு கெட்டியாகிக் கிடந்தால் ரொம்ப நாளாக அந்தக் கவரிலேயே நெருக்கப்பட்ட செடி என்று அர்த்தம். உயரமாக ஒற்றைத் தண்டில் நிற்பதைவிட, குட்டையாக அடியிலிருந்தே நாலைந்து கிளை பிரிந்ததை எடுங்கள். ஒரு கிளையைத் திருப்பி இலையின் அடிப்பக்கமும் பார்த்துவிடுங்கள், வெள்ளை ஈயோ மாவுப்பூச்சியோ இருந்தால் அங்கேதான் இருக்கும்.

எந்த இடம்

ஐந்து ஆறு மணி நேரம் நேர் வெயில் படும் இடம். வீட்டின் கிழக்குப் பக்கம் கிடைத்தால் அதுவே போதும், காலை வெயில் முழுக்கக் கிடைத்து, மதியத்துக்கு மேல் சுவரின் நிழல் விழும். பலாவும் அயினியும் மாவும் சூழ்ந்த விளைக்குள் நடலாமா என்று கேட்டால், நடலாம், செடி சாகாது, பூதான் கஞ்சத்தனமாக வரும். தென்னைக்கு நேர் அடியில் வைக்கவேண்டாம். மட்டை விழுந்து நசுங்குவது ஒரு பக்கம், வேறொரு காரணமும் இருக்கிறது, பூச்சி பற்றிப் பேசும்போது சொல்கிறேன்.

ஆரல்வாய்மொழி, முப்பந்தல், தோவாளை பக்கத்தில் இருப்பவர்களுக்குக் காற்றுதான் பிரச்சினை. காற்றாலை சுற்றுகிற அந்தக் காற்றில் சின்னத் தொட்டி மண் அரை நாளில் காய்ந்துபோகும், காம்பவுண்டு சுவர் மறைவில் வையுங்கள். குளச்சல், முட்டம், மணக்குடி என்று கடலோரத்தில் இருந்தால், கடலைப் பார்த்த பக்கம் வேண்டவே வேண்டாம். உப்புக்காற்று நேராக அடித்தால் இலைநுனி கருகும், வீட்டுக்குப் பின்னால் நிலப்பக்கம் வைத்து, இலையில் வாரம் ஒருமுறை நல்ல தண்ணீர் தெளித்துக் கழுவிவிட்டால் ஓரளவு சமாளிக்கலாம்.

தொட்டியும் மண்ணும்

ஒற்றைச் செடிக்கு எட்டு அல்லது பத்து அங்குலத் தொட்டி போதும். வளர்ந்தால் ஒன்று முதல் இரண்டு அடி உயரம், அதே அளவோ கொஞ்சம் கூடுதலாகவோ அகலம், அவ்வளவுதான். இரண்டடி நீளப் பெட்டித் தொட்டியில் மூன்று செடி. பெரிய தொட்டியில் சின்னச் செடியை நட்டால் வேகமாக வளரும் என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது. வேர் எட்டாத மண்ணில் ஈரம் தங்கி அழுகல்தான் வரும், ஆகவே படிப்படியாக மாற்றுங்கள். மழை அதிகம் உள்ள குலசேகரம், திருவட்டார் பக்கம் மண்தொட்டி நல்லது, பக்கச்சுவர் வழியாகவும் ஈரம் வெளியேறும். காற்றும் வெயிலும் காய்ச்சுகிற கிழக்குப் பக்கம் பிளாஸ்டிக்கே தேவலாம்.

கலவை இப்படி: செம்மண் இரண்டு பங்கு, தென்னை நார்த்தூள் ஒரு பங்கு, மக்கிய சாணமோ மண்புழு உரமோ ஒரு பங்கு, பருமணல் ஒரு பங்கு. கேட்க எளிதாக இருக்கிறது, ஆனால் இந்த நாலில் இரண்டு பொருள் ஏமாற்றும். நார்த்தூள் நம் ஊரில் மலிவு, தேங்காய்க் கதம்பையும் தும்பும் இல்லாத ஊரா இது, ஆனால் உப்புத்தண்ணீரில் ஊறவைத்து அடித்த கதம்பையின் தூளாக இருந்தால் உப்பு அப்படியே இருக்கும். ஒரு வாளியில் போட்டு நல்ல தண்ணீர் ஊற்றி, ஒரு இரவு ஊறவிட்டு, பழுப்புத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, மறுபடியும் ஊற்றுங்கள். தண்ணீர் வெளிறும்வரை இரண்டு மூன்று முறை செய்யவேண்டியிருக்கும். மணல் விஷயத்திலும் அதேபோல் கவனம் வேண்டும். ஆற்றுமணல் கிடைப்பது கஷ்டம், கல்லை உடைத்துச் செய்யும் எம்-சாண்ட் போடலாம், ஆனால் அதில் உள்ள மாவுத்தூளை அலசி எடுக்காமல் போட்டால் தொட்டிக்குள் இறுகிப்போகும். கடற்கரை மணல் சும்மா கிடைக்கிறதே என்று தொடாதீர்கள்.

கலந்தபின் லேசாகத் தண்ணீர் தெளித்துக் கைப்பிடி அளவு எடுத்து அழுத்திப் பாருங்கள். புட்டுமாவு பதம் தெரியுமல்லவா, பிடித்தால் பிடி நிற்கவேண்டும், விரலால் தட்டினால் உதிரவேண்டும். உதிராமல் உருண்டையாகவே இருந்தால் மணல் போதவில்லை. பிடியே நிற்காமல் பொலபொலவென்று கொட்டினால் மக்கு உரம் இன்னும் கொஞ்சம்.

மேற்கே கல்குளம், விளவங்கோடு பக்கத்துச் சரளைச் செம்மண் இயல்பிலேயே கொஞ்சம் அமிலத்தன்மை உள்ளது. அசல் ஹெதருக்குச் சொல்வதுபோலக் கந்தகம் போடு, பீட் பாசி வாங்கு என்று படிப்பதையெல்லாம் இதற்குச் செய்யவேண்டாம், பி.எச். 6 முதல் 7 வரை இருந்தால் கூஃபியா திருப்தியாக வளரும். நாஞ்சில் நாட்டு வயல் களிமண்ணை மட்டும் தொட்டிக்கு எடுக்காதீர்கள், அது நெல்லுக்கு நல்லது.

அடியில் இரண்டு அங்குலம் ஜல்லி பரப்பச் சொல்வார்கள். அதுவும் வேண்டாம். நயமான மண்ணிலிருந்து பெரிய இடைவெளி உள்ள ஜல்லிக்குத் தண்ணீர் சுலபமாக இறங்குவதில்லை, மண் முழுக்க நிரம்பி வழியும் நிலை வந்தபின்தான் சொட்டும். அதனால் சொதசொதவென்று ஈரம் தங்கும் மட்டம் இரண்டு அங்குலம் மேலே ஏறி வேருக்குப் பக்கத்தில் வந்து நிற்கும். ஓட்டையை மண் அடைக்காமல் இருக்க ஒரு உடைந்த ஓட்டுத் துண்டைக் கவிழ்த்து வையுங்கள், போதும். தொட்டியைத் தரையில் நேராக வைக்காமல் இரண்டு செங்கல் மேல் தூக்கி வைத்தால் மழைக்கு வடிகால் கிடைக்கும், கோடையில் மாடித்தளத்தின் சூடும் வேரில் ஏறாது.

பாத்தியில் நடுவது

நம் மாவட்டத்துக்கு இரண்டு மழை. இடவப்பாதி என்று மேற்கே சொல்லும் தென்மேற்குப் பருவமழை ஜூனில் பிடிக்கும், அது ஓய்ந்து மூச்சுவிடுவதற்குள் அக்டோபரில் வடகிழக்கு. இந்த இரண்டுக்கும் நடுவில் ஆவணி மாதம், அல்லது இரண்டும் முடிந்து தை மாதம், இவைதான் நடுவதற்கு ஏற்ற நேரம். ஐப்பசி அடைமழையில் நட்டால் வேர் பிடிக்குமுன் அழுகும், சித்திரையில் நட்டால் தண்ணீர் சுமந்தே இடுப்பு ஒடியும்.

பாத்தியைத் தரைமட்டத்திலிருந்து அரையடி உயர்த்துங்கள். ஓரத்துக்குச் செங்கல், வெட்டுக்கல், பழைய ஓடு எதுவானாலும் சரி, நடுநடுவே தண்ணீர் வெளியேற இடைவெளி இருக்கவேண்டும். மண்ணை ஒரு அடி ஆழம் கொத்தி, மக்கிய உரமும் மணலும் கலந்து, ஒரு வாரம் ஆறப்போடலாம். நடைபாதை ஓரமாக வேலிபோல வரவேண்டும் என்றால் அடிக்கு ஒரு செடி, தனித்தனிக் குவியலாக நிற்கவேண்டும் என்றால் ஒன்றரை அடி. வாங்கிய அன்று பார்க்க இடைவெளி அதிகமாகத்தான் தோன்றும், அதை நிரப்ப இன்னும் நாலு செடி வாங்காதீர்கள்.

கவரைக் கிழித்ததும் மண்கட்டியின் அடியில் சுற்றிக்கிடக்கும் வேரை விரலால் மெதுவாகப் பிரித்துவிடுங்கள். கவரில் மண் எந்த மட்டத்தில் இருந்ததோ அதே மட்டம்தான் பாத்தியிலும், தண்டு மண்ணுக்குள் புதையக்கூடாது. சுற்றி அழுத்தி, தண்ணீர் விட்டு, மேலே இரண்டு அங்குலம் காய்ந்த சருகு போடுங்கள். சருகு தண்டை ஒட்டாமல் நாலு விரல் தள்ளி இருக்கட்டும்.

கடலோர மணல் தரைக்கு வேறு கணக்கு. அங்கே தண்ணீர் தேங்காது, நிற்கவே நிற்காது. தென்னந்தடத்தில் ஈரம் பிடிக்கக் கதம்பை புதைப்பார்களே, அதையே இங்கேயும் செய்யலாம்: ஒரு அடி ஆழத்தில் கழுவி ஊறிய கதம்பையை உள்பக்கம் மேலே பார்க்க ஒரு வரிசை அடுக்கி, அதற்குமேல் கலவை மண்.

தண்ணீர், உரம்

நட்ட முதல் மூன்று வாரம் தினமும் காலையில். பிறகு விரலை ஒரு அங்குலம் மண்ணில் விட்டுப் பார்த்து, காய்ந்திருந்தால் மட்டும். சித்திரை வைகாசியில் தொட்டிக்குத் தினமும் தேவைப்படும், பாத்திக்கு இரண்டு நாளுக்கு ஒருமுறை. ஒருநாள் மறந்து செடி தலை தொங்கினாலும் தண்ணீர் கண்டதும் நிமிர்ந்துவிடும், ஆனால் இது அடிக்கடி நடந்தால் கீழ் இலை எல்லாம் உதிர்ந்து காலடி மொட்டையாகும். மழைக்காலத்தில் தொட்டிக்கு அடியில் தட்டு வைக்காதீர்கள். வைத்திருந்தால் இன்றே எடுத்துவிடுங்கள்.

உரம் கொஞ்சமாகப் போதும். மாதம் ஒரு கைப்பிடி மண்புழு உரம், இரண்டு மாதத்துக்கு ஒருமுறை ஒரு ஸ்பூன் வேப்பம்பிண்ணாக்கு. யூரியா போட்டால் இலை தழைக்கும், பூ நிற்கும். நம் ஊரில் மீன் கழிவுக்குப் பஞ்சமில்லை, அதைத் தென்னை மூட்டில் புதைப்பது சரி, தொட்டியில் புதைத்தால் எறும்பும் அப்புறம் தெருவில் உள்ள பூனை எல்லாமும் வந்து தோண்டிப்போடும். மீன் அமிலமாக்கிக்கொள்ளுங்கள்: மீன் கழிவும் கருப்பட்டியும் சம எடை, மூடிய வாளியில் நிழலில் மூன்று வாரத்துக்குக் குறையாமல், பிறகு வடிகட்டி லிட்டருக்கு 5 மில்லி கலந்து மாதம் ஒருமுறை.

கிணற்றுத் தண்ணீர் கடினமாக உள்ள இடங்களில் புது இலை மஞ்சளாகி நரம்பு மட்டும் பச்சையாக நிற்கும். அது இரும்புச்சத்துக் குறை. உரம் போதவில்லை என்று மேலும் கொட்டாமல், ஓட்டில் இறங்கும் மழைத்தண்ணீரைப் பிடித்து வைத்து ஊற்றுங்கள். தேறவில்லை என்றால் உரக்கடையில் கிடைக்கும் செலேட்டட் இரும்பை, அதாவது செடி சுலபமாக உறிஞ்சும் வடிவிலுள்ள இரும்பை, லேசாகக் கரைத்து விடலாம்.

கத்தரி

இந்தச் செடி வளர்ப்பில் கைத்திறன் என்று ஒன்று இருந்தால் அது இங்கேதான். வெட்டாமல் விட்ட கூஃபியா ஒரு வருடத்தில் என்ன ஆகும் என்று கிளையை விலக்கிப் பாருங்கள்: மேலே நாலு விரல் உயரத்துக்குப் பச்சை, அதற்குக் கீழே முழுக்கக் காய்ந்த குச்சி. பூ புதுத் தளிரில்தான் வரும். ஒரு நுனியை வெட்டினால் அந்த இடத்துக்குக் கீழே உள்ள இலை ஜோடியின் இரண்டு கக்கத்திலிருந்தும் தளிர் கிளம்பும், ஒன்று இரண்டாகும், பூவும் இரண்டு மடங்காகும்.

நட்டு அரையடி உயரம் வந்ததும் எல்லா நுனியையும் நகத்தால் கிள்ளிவிடுங்கள். பூ இருந்தாலும் இரக்கம் பார்க்கவேண்டாம். அப்புறம் ஒவ்வொரு பூக்காலமும் தளரும்போது, ஏறத்தாழ இரண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை, வேலி வெட்டும் பெரிய கத்தரியால் மேல்வாரியாக ஒரு சீவல். வருடத்துக்கு இரண்டு பெரிய வெட்டு: வைகாசித் தொடக்கத்தில் மழை பிடிக்குமுன் மூன்றில் ஒரு பங்கு, தையில் இன்னொரு முறை அதே அளவு. மழைக்கு முந்திய வெட்டு முக்கியம், உள்ளே காற்று ஓடும், நனைந்த இலை சீக்கிரம் காயும், அழுகல் குறையும்.

ஒரு எச்சரிக்கை. மூன்று வருடம் தொடாத கிழச்செடியை ஒரே நாளில் மொட்டைக் குச்சியாக்காதீர்கள். எங்கே வெட்டினாலும் வெட்டுக்குக் கீழே கொஞ்சமாவது பச்சை இலை மிஞ்சவேண்டும். அசல் ஹெதர் பழைய கட்டையிலிருந்து பெரும்பாலும் துளிர்க்காது, கூஃபியா அந்தளவு முரண்டு பிடிக்காது என்றாலும், பாதிப் பக்கத்தை இந்த மாதம், துளிர் வந்தபின் மறுபாதி என்று போனால் செடி பிழைக்கும்.

குச்சி நட்டுப் பெருக்குவது

வெட்டிய நுனிகளைக் குப்பையில் போடாதீர்கள். மூன்று நாலு அங்குல நீளம், ரொம்ப இளசும் இல்லாமல் முற்றிய கட்டையும் இல்லாமல் நடுத்தரமான குச்சி. பூவையும் மொட்டையும் கிள்ளி, கீழ்ப்பாதி இலையை உருவி, மணலும் நார்த்தூளும் பாதிப்பாதி கலந்த கலவையில் இரண்டு அங்குலம் செருகி, நிழலில் வையுங்கள். தண்ணீர் பாட்டிலின் அடியை வெட்டி மேலே கவிழ்த்தால் ஈரப்பதம் நிற்கும். மூன்று நாலு வாரத்தில் வேர் வரும், லேசாக இழுத்தால் எதிர்த்துப் பிடிக்கும், அப்போது தெரியும். நம் ஆடி மாதச் சாரலில் மூடிகூடத் தேவைப்படாது. மூன்று நாலு வருடத்தில் தாய்ச்செடி கட்டையாகிவிடும் என்பதால் வருடா வருடம் நாலு கன்றாவது கையில் இருக்கட்டும்.

பூச்சி, நோய்

கோடையில் சிவப்புச் சிலந்திப்பூச்சி. இலை வெளிறி வெண்கல நிறமாகும், நுனியில் மெல்லிய வலை தெரியும். இலையின் அடிப்பக்கம் படும்படி தண்ணீரை வேகமாக அடித்தாலே பாதி போய்விடும், மிச்சத்துக்கு லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெயும் இரண்டு மூன்று சொட்டு சோப்புக் கரைசலும், வெயில் தாழ்ந்தபின்.

தென்னைக்கு அடியில் வேண்டாம் என்றதற்குக் காரணம் இதுதான். 2016இல் பொள்ளாச்சிப் பக்கம் முதலில் தென்பட்ட ரூகோஸ் சுருள் வெள்ளை ஈ இப்போது தென்னை உள்ள இடமெல்லாம் இருக்கிறது. மேலே ஓலையின் அடியில் அது சாறு உறிஞ்ச, கழிக்கும் இனிப்புப் பிசின் கீழே உள்ள செடிமேல் சொட்ட, அதில் கரும்பூசணம் படர்ந்து இலை புகை பிடித்த நிறமாகிவிடும். கூஃபியாவுக்கு என்ன நோய் என்று மருந்துக்கடைக்கு ஓடவேண்டாம், நோய் மரத்தில் இருக்கிறது. லிட்டருக்கு 25 கிராம் மைதாவைக் காய்ச்சி ஆறிய பசையைத் தெளித்தால், காய்ந்ததும் கரும்படலம் பெயர்ந்து உதிரும். இரசாயனப் பூச்சிமருந்து அடித்தால் அந்த ஈயை அழிக்கும் என்கார்சியா என்ற குட்டிக் குளவியும் சேர்ந்து சாகும், அதனால் அதைத் தொடாமல் இருப்பதே புத்தி. தொட்டியை வெயிலுக்கு நகர்த்துங்கள்.

மண் ஈரமாக இருக்கும்போதே செடி வாடினால் அது வேரழுகல். தண்ணீரை நிறுத்தி, தொட்டியிலிருந்து உருவி, கருத்த வேரை வெட்டி, அழுகல் பூஞ்சையை அடக்கும் டிரைக்கோடெர்மா விரிடி என்ற நல்ல பூஞ்சை கலந்த புதுக் கலவையில் நட்டுப் பாருங்கள். பாதி வேருக்குமேல் கருத்திருந்தால் செடியை விட்டுவிட்டு நல்ல நுனியைக் குச்சியாக எடுத்துக்கொள்வதே லாபம்.

எதோடு நடலாம், எங்கே நடக்கூடாது

தெற்றிக்கு, அதாவது இட்லிப்பூச் செடிக்கு, முன்னால் ஒரு வரிசை கூஃபியா நன்றாக இருக்கும், இரண்டுக்கும் வெயிலும் மண்ணும் ஒன்றே. நித்தியகல்யாணியும் ஒத்துப்போகும். புதினா மாதிரி எப்போதும் ஈரம் கேட்பதை ஒரே தொட்டியில் சேர்க்காதீர்கள்.

மார்த்தாண்டம் பக்கம் தேனீப்பெட்டி வைத்திருப்பவர்கள் இது தேனுக்கு உதவுமா என்று கேட்பதுண்டு. ஸ்காட்லாந்தில் ஹெதர் தேன் பெயர்போனது, களியாக உறைந்து நிற்கும், சுழற்றி எடுக்க முடியாமல் அடையைப் பிழிந்து எடுப்பார்கள், ஆனால் அது அசல் ஹெதரின் தேன். கூஃபியாவுக்கு தேனீயும் கொசுத்தேனீயும் வண்ணத்துப்பூச்சியும் நாள் முழுக்க வரும், மழைக்காலத்தில் வேறு பூ குறைந்திருக்கும்போதும் வரும். அதற்காகப் பத்துத் தொட்டியை நம்பிப் பெட்டி வைக்கமுடியாது. இங்கே தேனைத் தருவது ரப்பர் தளிரின் இலைக்காம்பில் ஊறும் இனிப்புநீர்தான்.

பேச்சிப்பாறை, கீரிப்பாறை, காளிகேசம் என்று காட்டை ஒட்டியோ, வீட்டுக்குப் பின்னால் ஓடை போகிற இடத்திலோ இருப்பவர்கள் இதைத் தரையில் நடாமல் தொட்டியிலேயே வைத்துக்கொள்ளுங்கள். விதை தானாக விழுந்து முளைக்கும், ஹவாய்த் தீவுகளில் இது தோட்டத்தைத் தாண்டிப் போய்க் களையாகப் பரவியிருக்கிறது. பாத்தியைச் சுற்றி முளைத்த குட்டிச் செடிகளை மழை முடிந்ததும் வேரோடு பிடுங்கி, வேண்டியதைத் தொட்டிக்கு எடுத்துக்கொண்டு, மிச்சத்தைக் காயப்போட்டபின் உரக்குழியில் போடுங்கள். வெட்டிய கிளைகளை ஓடைக்கரையில் கொட்டாதீர்கள், ஈரம் கண்டால் அங்கேயே வேர் பிடித்துவிடும்.